எல்லைக்கோடும் குற்றக்கணக்கும்

தமிழின் எல்லை கூறப் புகுந்த தொல்காப்பியப் பாயிரம் வடக்கே வேங்கடத்தையும் தெற்கே குமரியையும் மட்டுமே சுட்டுகின்றது. கிழக்கும் மேற்கும் கடலாதலின் அவற்றைக் கூற வேண்டுவதில்லை என்பது உரையாசிரியர் கருத்து. இன்று நாம் எல்லை என்று விரல் நீட்டிக் காட்டும் மேற்குமலை, அப்பாயிரம் செய்தவருக்கு எல்லையாகவே தோன்றவில்லை. மலைக்கு இப்பாலும் அப்பாலும் ஒரே மொழி வழங்கிற்று. சேரரின் முசிறிக்கும் கொங்குநாட்டு ஊர்களுக்கும் இடையே பாலக்காட்டுக் கணவாய் ஒரு வாயிலாக இருந்ததேயன்றி மதிலாக இருந்ததில்லை.

அவ்வாயிலில் எப்போது தாழ் விழுந்தது? தாழ் விழுந்தபின் அவ்வழியே நடந்தவர்கள் எவ்வாறு குற்றவாளிகள் ஆயினர்? இவ்விரு வினாக்களுக்கும் விடை தேடுவதே இக்கட்டுரையின் நோக்கம். பாலக்காட்டிலும் இடுக்கி மலையிலும் வாழும் தமிழராகிய நமக்கு இது வெறும் ஏட்டாராய்ச்சி அன்று. நம் பாட்டனார் நடந்த வழியின் வரலாறு இது.

நாளெல்லாம் கோப்புகளோடு வாழும் எழுத்தர் தொழில் நம்முடையது. ஒருவரைப் பற்றி முதற்பக்கத்தில் எழுதப்பட்ட ஒரு சொல், அக்கோப்பு எத்தனை மேசைகளைக் கடந்தாலும் அவரை விடாது தொடர்வதை நாம் அன்றாடம் காண்கின்றோம். எல்லைப்புறத்தின் வரலாறும் பெரும்பாலும் கோப்புகளிலிருந்தே நமக்குக் கிடைக்கின்றது. ஆதலின் ‘கள்ளன்’, ‘கடத்தல்காரன்’, ‘ஓடிப்போனவன்’ என்று அங்கே எழுதியிருப்பதைப் படிக்கும்போது, எழுதிய கை எவருடையது என்று ஒருமுறை கேட்டுக்கொள்வது நன்று.

வெட்சியும் ஆறலைத்தலும்

பழந்தமிழர்க்கும் எல்லைப்புறக் கலகம் புதிதன்று. பகைவர் நாட்டு ஆநிரையைக் கவர்ந்து வருதல் வெட்சித் திணை; அதனை மீட்டல் கரந்தை. புறப்பொருள் வெண்பாமாலை வெட்சியை மன்னுறு தொழில், தன்னுறு தொழில் என இரண்டாகப் பகுக்கின்றது. மன்னன் ஏவக் கவர்ந்தது ஒன்று. வீரர் தாமே சென்று கவர்ந்தது மற்றொன்று. செயல் ஒன்றுதான். ஏவியவர் உண்டா, இல்லையா என்பதில்தான் வேறுபாடு. இன்னொருபுறம், பாலை நிலத்து வழிகளில் வணிகச் சாத்தரை மறித்துப் பொருள் பறிக்கும் ஆறலை கள்வரையும் சங்கப் பாடல்கள் காட்டுகின்றன.

மன்னன் ஏவிய கொள்ளை போர் எனப்படும். ஏவாத கொள்ளை களவு எனப்படும். இந்த நுட்பத்தை மனத்திற் கொண்டால், பின்வந்த நூற்றாண்டுகளின் நிகழ்ச்சிகள் தெளிவாக விளங்கும்.

உலகின் பிற எல்லைப்புறங்களிலும் இதே கதைதான். அமெரிக்க நாடு விடுதலை பெற்ற புதிதில், மேற்குப் பென்சில்வேனியாவின் மலைப்புற உழவர்கள் தம் தானியத்தை மலை தாண்டிச் சுமந்து செல்ல இயலாமையால் அதனைச் சாராயமாக வடித்து விற்றனர். 1791இல் அச்சாராயத்தின்மீது வரி விதிக்கப்பட்டது. உழவர் வரி தண்டுவோரைத் துரத்தினர். 1794இல் குடியரசுத் தலைவர் வாஷிங்டன் ஏறத்தாழ 13,000 பேர் கொண்ட படையைத் திரட்டி அக்கலகத்தை அடக்கினார். முந்திய நாள்வரை தொழிலாக இருந்தது மறுநாள் குற்றமாயிற்று. அதனை எதிர்த்தது கலகமாயிற்று.

அந்த அமெரிக்கப் போரில், 1781ஆம் ஆண்டு யார்க்டவுனில் வாஷிங்டனிடம் சரணடைந்த ஆங்கிலப் படைத்தலைவர் காரன்வாலிஸ் பிரபு. பதினோராண்டுகள் கழித்து, 1792இல், சீரங்கப்பட்டணத்தில் திப்பு சுல்தானிடம் உடன்படிக்கை எழுதி வாங்கியவரும் அவரே. அங்கே ஒரு நாட்டை இழந்த கை, இங்கே நம் எல்லையை வரைந்தது.

கணவாயில் கண்ட படைகள்

நீலகிரிக்கும் ஆனைமலைக்கும் இடையே ஏறத்தாழ 30 கிலோமீட்டர் அகலத்திற்கு மலை விட்டுக்கொடுத்த இடமே பாலக்காட்டுக் கணவாய். காற்றும் மழையும் வணிகரும் வந்த வழியில் படைகளும் வந்தன.

1757இல் கோழிக்கோட்டுச் சாமூதிரியின் படை பாலக்காட்டரசரை நெருக்கிற்று. அவர் உதவி வேண்டி, அக்காலத்தில் திண்டுக்கல்லில் மைசூரின் படைத்தலைவராக இருந்த ஹைதர் அலிக்குத் தூது விடுத்தார். உதவிக்கு வந்த படை வழியை அறிந்துகொண்டது. 1766இல் ஹைதரே மலையாளத்தின்மீது படையெடுத்தார். இன்று நகரின் நடுவே நாம் மாலையில் உலாவும் பாலக்காட்டுக் கோட்டை அவ்வாண்டில் எழுந்ததேயாகும்.

அக்கோட்டையின் வரலாறு கணவாயின் துன்பத்தைச் சுருக்கிச் சொல்கின்றது. 1768இல் ஆங்கிலேயர் அதனைப் பிடித்தனர். சில திங்களில் ஹைதர் மீட்டார். 1783இல் புல்லர்ட்டன் மறுபடியும் பிடித்தார். அடுத்த ஆண்டு அது கைமாறியது. 1790இல் ஸ்டூவர்ட் மூன்றாம் முறை பிடித்தார். ஒவ்வொரு முறையும் முற்றுகையிட்ட படைக்கும் முற்றுகைக்குள்ளான படைக்கும் நெல்லும் வைக்கோலும் மாடும் வேண்டியிருந்தன. அவற்றைக் கொடுத்தவர்கள் சுற்றுப்புறத்து உழவர்களே. ஆநிரை கவர்தல் அன்றும் நடந்தது. ஆயின் எந்தக் கோப்பிலும் அது களவு என்று பதிவாகவில்லை. படைத்தேவை என்றே பதிவாயிற்று.

1792 உடன்படிக்கையால் மலையாளம் கும்பினியார் வசமாயிற்று. அதே உடன்படிக்கையால் திண்டுக்கல் சீமையும் அவர்கள் கைக்கு வந்தது. கம்பம் பள்ளத்தாக்கும், மலையோரப் பாளையங்களும் அச்சீமையைச் சேர்ந்தவை. ஆகவே பாலக்காட்டுக் கணவாய், கம்பத்து மலைவழி ஆகிய இரண்டின் தலைவிதியும் ஒரே தாளில் எழுதப்பட்டது எனலாம். கோயம்புத்தூர் மட்டும் திப்புவிடமே நின்றது. 1799 மே 4ஆம் நாள் திப்பு வீழும்வரை, ஏழாண்டுகள், வாளையாறு இரு பேரரசுகளுக்கு இடைப்பட்ட எல்லை. கணவாயின் குறுக்கே முதன்முதலாக ஒரு தாழ் விழுந்தது அப்போதுதான் என்பது நம் கருத்து.

திப்புவுக்குப் பின் கோயம்புத்தூரும் கும்பினியார் வசமாயிற்று. 1800இல் மலையாள மாவட்டம் பம்பாயிலிருந்து சென்னை ஆட்சிக்கு மாற்றப்பட்டது. இருபுறமும் ஒரே ஆட்சி வந்தபின் தாழ் திறந்திருக்க வேண்டும். திறக்கவில்லை. காரணம் புகையிலை.

புகையிலைக்குப் போட்ட பூட்டு

கோவைச் சீமையின் நிலம் புகையிலைக்கு ஏற்றது. மலையாள நாட்டு மழை அப்பயிருக்கு ஆகாது. ஆனால் அந்நாட்டு மக்களுக்கு வெற்றிலையோடு புகையிலை இன்றியமையாதது. இங்கே விளைந்தது அங்கே சென்றது; அங்கிருந்து தேங்காயும் பாக்கும் மிளகும் இங்கே வந்தன. பொதிமாட்டுக்காரர் பலர் இதனால் பிழைத்தனர்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் முதற் பத்தாண்டிலேயே கும்பினியார் இவ்வணிகத்தைத் தமக்கே உரிய தனியுரிமையாக்கினர். உழவன் தன் புகையிலையை அவர்களுக்கே, அவர்கள் வைத்த விலைக்கே, விற்க வேண்டும். மலையாளத்தான் அவர்களிடமே, அவர்கள் வைத்த விலைக்கே, வாங்க வேண்டும். இரண்டு விலைக்கும் இடையே இருந்த தொலைவு, கோவைக்கும் பாலக்காட்டுக்கும் இடையே உள்ள தொலைவைவிடப் பெரிது.

அத்துடன் அவ்விடத்தின் நில அமைப்பும் விந்தையானது. சித்தூர் வட்டம் கொச்சி அரசருடையது. அதன் ஒருபுறம் கும்பினியாரின் மலையாள மாவட்டம். மறுபுறம் கும்பினியாரின் கோவை மாவட்டம். ஒரே நாளில் பொழுது சாய்வதற்குள் ஒருவன் மூன்று சட்டங்களின்கீழ் நடந்துவிடலாம். ஒரு வேலிக்கு இப்பால் குற்றமானது அப்பால் குற்றமன்று. கொழிஞ்சாம்பாறைப் பக்கத்துக் காட்டுவழிகளும் ஆனைமலை அடிவாரத்து இட்டேரிகளும் இரவில் நடமாட்டம் மிகுந்தவை ஆனதில் வியப்பென்ன? நேற்றுவரை பொதிமாட்டுக்காரன், இன்று கடத்தல்காரன். மாடும் அதே மாடு. சரக்கும் அதே சரக்கு.

இங்கே ஒரு செய்தி குறிக்கத்தக்கது. கோவை மாவட்டக் கருவூலத்தில் பொறுப்பிலிருந்த காசிச் செட்டி என்பவர் இத்தனியுரிமையைப் பயன்படுத்திப் பெரும்பொருள் ஈட்டினார். உழவரிடம் குறைந்த விலைக்குப் புகையிலையைப் பெற்று, அரசுக்கே கூடிய விலைக்குக் கொடுத்தார். 1816இல் தாமஸ் மன்றோவும் ஜான் சல்லிவனும் இதனை விசாரித்து உண்மையை வெளிப்படுத்தினர். மாவட்ட ஆட்சியராக இருந்த காரோவும் பழியிலிருந்து தப்பவில்லை. காட்டுவழியே இரண்டு பொதி கொண்டு சென்றவனைச் சேவகர் பிடித்துக் கட்டினர். கருவூலத்தின் வழியே ஆயிரம் பொதி கொண்டு சென்றவரை ஆண்டுக்கணக்கில் எவரும் கேட்கவில்லை. எல்லைக் காவல் எந்தப் பக்கம் முகம் திருப்பி நின்றது என்பதற்கு இதனினும் சான்று வேண்டுவதில்லை.

இத்தனியுரிமை 1853இல் நீக்கப்பட்டது. சட்டம் போனவுடன் அக்குற்றமும் போயிற்று. காட்டுவழியில் நடந்தவரின் இயல்பு ஒரே இரவில் திருந்திவிட்டதா? இல்லை. அவர்கள் முன்னரும் கெட்டவர்களாக இருந்ததில்லை என்பதே உண்மை.

ஏலமலையின் இரு தலைவாயில்கள்

கணவாயிலிருந்து தெற்கே ஆனைமலையைக் கடந்தால் இன்றைய இடுக்கி மாவட்டத்தின் உயர்ந்த மலைகள் தொடங்குகின்றன. இங்கே பாலக்காடு போன்ற அகன்ற வாயில் இல்லை. போடிமெட்டு, கம்பம்மெட்டு, குமுளி என ஏறி இறங்கும் மலைவழிகளே உண்டு. மதுரை வீழ்ந்த காலத்தில் மீனாட்சியம்மையின் திருவுருவைச் சுமந்து மலையேறியவர்கள் தம் முன்னோர் என்று முதுவர் குடியினர் கூறுவர். கோவில்மலையில் இன்றும் தமக்கென மன்னரை உடைய மன்னான் குடியினரும் மதுரைத் தொடர்பைச் சொல்வர். பூஞ்ஞாற்று அரச குடும்பமோ பாண்டியர் வழியினர் என்ற மரபுடையது. எனவே இம்மலைக்கு மேற்கே ஒரு வாயில் இருந்ததுபோல் கிழக்கேயும் ஒன்று இருந்தது.

ஏலக்காய் இம்மலையின் செல்வம். அதனைக் காத்துப் பறித்தவர்களுள் மிகப் பலர் கம்பம் பள்ளத்தாக்கிலிருந்து ஏறிய தமிழ்க் குடியானவர்கள். திருவிதாங்கூர் அரசு ஏலத்தைத் தன் தனியுரிமைப் பொருளாக வைத்திருந்தது. விளைந்ததெல்லாம் அரசின் பண்டகசாலைக்கே செல்ல வேண்டும்; குடியானவனுக்கு அரசு வகுத்த பங்குவிலை மட்டுமே கிடைக்கும். சரக்கு ஆலப்புழையில் விற்கப்பட்டது. ஆயின் மலையின் கிழக்குச் சரிவில் இறங்கினால் சில நாழிகை வழியில் கம்பத்துச் சந்தை. அங்கே சந்தை விலை. பகலில் மேற்கே சென்ற ஏலத்தில் ஒரு பங்கு இரவில் கிழக்கே இறங்கிற்று. பாலக்காட்டுப் புகையிலையின் கதை இங்கே ஏலத்தின் கதையாயிற்று.

இதனைத் தடுக்க ஏலமலைக்கென்று ஒரு மேற்பார்வையாளர் அமர்த்தப்பட்டார். அவரே மாஜிஸ்திரேட்டும் ஆவார். அரசின் வணிகத்தைக் காப்பவரும் அவ்வணிகத்திற்கு மாறாக நடந்தவரை விசாரிப்பவரும் ஒருவரே. அப்பதவியை வகித்த ஜே.டி. மன்றோ, 1877 ஜூலை 11ஆம் நாள் பூஞ்ஞாற்றுத் தலைவரிடம் கண்ணன் தேவன் மலைகளில் ஏறத்தாழ 227 சதுர மைல் பரப்பைக் குத்தகைக்கு எழுதி வாங்கினார். ஆண்டுக் குத்தகை 3,000 ரூபாய். ஒருபிடி ஏலத்தை முந்தானையில் முடிந்து இறங்கியவள் குற்றவாளி. ஒரு மலைத்தொடரையே மடியில் கட்டிக்கொண்டவர் குத்தகைதாரர். சட்டப்படி இரண்டும் சரியே. சட்டத்தை எழுதியவர் யார் என்பதே வினா.

1886 அக்டோபர் 29ஆம் நாள் எழுதப்பட்ட பெரியாற்றுக் குத்தகையும் இவ்வரிசையில் வைத்து எண்ணத்தக்கது. 8,000 ஏக்கர் நிலம், ஏக்கருக்கு 5 ரூபாய் வீதம், 999 ஆண்டுகளுக்குச் சென்னை அரசுக்கு விடப்பட்டது. 1895இல் அணை திறக்கப்பட்டு, மேற்கே ஓடிய ஆறு கிழக்கே திரும்பிற்று. அந்நீரால் மின்சாரமும் எடுக்கலாமா என்ற வழக்கில், 1941இல் நடுவர் நளினி ரஞ்சன் சட்டர்ஜி பாசனத்திற்கே உரிமை உண்டு எனத் தீர்ப்பளித்தார். நீர் எல்லை கடப்பதற்கு ஆயிரம் ஆண்டுக்கு ஒரு பத்திரம் எழுதியவர்கள், மக்கள் எல்லை கடப்பதற்கு ஒரு பத்திரமும் எழுதவில்லை.

ஏலத் தனியுரிமை 1896இல் கைவிடப்பட்டு நிலவரி வந்தது. அக்குற்றமும் புகையிலைக் குற்றம்போல் மறைந்தது.

ஓடிய கூலியும் பதித்த கைரேகையும்

அதற்குள் மலைமேல் காப்பியும் தேயிலையும் வந்துவிட்டன. மதுரை, திருநெல்வேலி, கோவைச் சீமைகளிலிருந்து கங்காணிகள் ஆள் சேர்த்தனர். முன்பணம் கொடுத்து மலையேற்றினர். குளிரும் காய்ச்சலும் தாங்காமல் இறங்கி ஓடியவர்கள் உண்டு.

ஓடுவது குற்றமா? 1859ஆம் ஆண்டின் 13ஆம் சட்டம் குற்றமே என்றது. முன்பணம் பெற்று வேலை செய்யாத தொழிலாளிக்கு மூன்று திங்கள்வரை சிறைத்தண்டனை விதிக்க அதில் இடம் இருந்தது. திருவிதாங்கூரும் இதனையொத்த சட்டம் செய்துகொண்டது. கடன்பட்ட வணிகன் உரிமை வழக்கிற்கே உரியவன். கடன்பட்ட கூலி மட்டும் குற்றவழக்கிற்கு உரியவன். பிரிட்டிஷ் இந்தியாவில் இச்சட்டம் 1926வரை நீடித்தது. ஆதலின் போடிமெட்டின் வளைவுகளில் இருளில் இறங்கிய ஒரு குடும்பம் எல்லைக்கல்லைத் தாண்டியபோது, ‘தப்பியோடியோர்’ என்ற பட்டியலில் ஓர் எண்ணாயிற்று.

மலையடிவாரத்திலோ இன்னொரு சட்டம் காத்திருந்தது. 1911ஆம் ஆண்டுக் குற்றப் பரம்பரைச் சட்டம் சென்னை மாகாணத்திலும் நடைமுறைக்கு வந்தது. மதுரை மாவட்டத்துப் பிறமலைக் கள்ளர் குடியினர் கைரேகை பதிக்கவும், அனுமதிச் சீட்டின்றி ஊர்விட்டு ஊர் செல்லாதிருக்கவும் கட்டாயப்படுத்தப்பட்டனர். மலைத்தோட்ட வேலைக்கு நடந்துபோவதற்குக்கூடச் சீட்டு வேண்டியதாயிற்று. இதனை ஏற்க மறுத்த பெருங்காமநல்லூர் மக்கள்மீது 1920 ஏப்ரல் 3ஆம் நாள் காவலர் சுட்டதில், பெண் ஒருவர் உட்படப் பலர் மாண்டனர். பிறப்பினாலேயே ஒரு குடியைக் குற்றவாளிகள் என்று ஏட்டில் ஏற்றிய அச்சட்டம், சென்னையில் 1947இலும் நாடு முழுமைக்கும் 1952இலும் நீங்கியது. ‘எழுதிய கை எவருடையது?’ என்று தொடக்கத்தில் நாம் கேட்ட வினாவின் கடுமை இங்கேதான் முற்றிலும் விளங்குகின்றது.

1954

நாடு விடுதலை பெற்றது. மொழிவழி மாநிலங்கள் வேண்டும் என்ற எண்ணம் எங்கும் வலுத்தது. திருவிதாங்கூர்த் தமிழ்நாடு காங்கிரசு, மார்ஷல் நேசமணி முதலியோர் தலைமையில், தென் திருவிதாங்கூரின் தமிழ் வட்டங்களோடு தேவிகுளம், பீர்மேடு வட்டங்களும் தமிழகத்தில் சேர வேண்டும் என்று கோரிற்று. 1954 ஜூலையில் நேசமணியும் தோழர்களும் தேவிகுளம் சென்று தடையை மீறிச் சிறைப்பட்டனர். ஆகஸ்டு 11ஆம் நாள் மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் நடந்த துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் மடிந்தன. அப்போது முதலமைச்சராக இருந்த பட்டம் தாணு பிள்ளை பதவி விலக வேண்டும் என்று அவர் கட்சியைச் சேர்ந்த ராம் மனோகர் லோகியாவே கூறினார் என்பது நினைவிற் கொள்ளத்தக்கது.

பசல் அலி, குன்சுரு, பணிக்கர் ஆகிய மூவர் அடங்கிய மாநிலச் சீரமைப்பு ஆணையம் 1955 செப்டம்பர் 30இல் அறிக்கை தந்தது. தெற்கு வட்டங்கள் தமிழகத்திற்கு. தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்திற்கு. மலைத்தோட்டத் தமிழர் நிலையாக வேரூன்றாத, வந்துபோகும் மக்கள் என்பது அம்முடிவுக்குச் சொல்லப்பட்ட காரணங்களுள் ஒன்று. 1956 நவம்பர் 1ஆம் நாள் கோடு நிலைபெற்றது. மலையாள மாவட்டத்தோடு பாலக்காடும், கொச்சியோடு சித்தூரும் கேரளத்தில் அமைந்தன.

இம்முடிவு சரியா, தவறா என்று மீண்டும் வழக்காடுவது நம் நோக்கமன்று. ‘வந்துபோகும் மக்கள்’ என்ற அந்த ஒரு சொற்றொடரையே நாம் உற்று நோக்குகின்றோம். மலையில் நிலைத்து நில்லாமல் ஓடினால் 1859இன் சட்டம் சிறையிட்டது. நின்றவர்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் ‘நிலையற்றோர்’ என 1955இன் ஏடு எழுதிற்று. வீடும் நிலமும் தோட்டத்திற்கே உரியவையாக, வேலை நீங்கினால் லயத்தைக் காலி செய்ய வேண்டிய ஒருவர், எவ்வாறு வேரூன்றிக் காட்டுவது?

மறுபக்கத்தையும் மறைத்தல் தகாது. 1955இல் திருவிதாங்கூர்-கொச்சி அரசு உயர்மலைக் குடியேற்றத் திட்டத்தின்கீழ் மலையாள உழவர்களைக் கல்லாறு, மறையூர் முதலிய இடங்களில் குடியமர்த்திற்று. எல்லையில் மக்கள்தொகைக் கணக்கை மாற்றவே இது செய்யப்பட்டது எனத் தமிழர் பலர் கருதினர். ஆயின் அவ்வாறு வந்தவர் யார்? பஞ்சக் காலத்தில் ஒரு துண்டு நிலத்திற்காகக் காடேறிய ஏழைகளே பெரும்பாலோர். அவர்களுக்கும் அதே ஏடுகள் பின்னர் ‘ஆக்கிரமிப்பாளர்’ என்று பெயரிட்டன. இடுக்கி அணைத்திட்டத்திற்காக அய்யப்பன்கோவிலிலிருந்து வெளியேற்றப்பட்டு, குமுளியை அடுத்த அமராவதியில் மழையில் விடப்பட்டவர்களுக்காக, 1961 ஜூனில் ஏ.கே. கோபாலன் உண்ணாநோன்பிருந்தார். தமிழ்க் கூலியும் மலையாளக் குடியேறியும் ஒருவரையொருவர் பகையென்று எண்ணிய காலத்தில், இருவரையும் எழுதிய கை ஒன்றே என்பதை உணர்ந்தவர் சிலரே. முதுவரும் மன்னானும் இவ்விருவர்க்கும் முந்தியவர்கள் என்பதை உணர்ந்தவர் அவரினும் சிலர்.

உணர்ந்த தருணங்களும் இல்லாமற் போகவில்லை. 1958இல் தேவிகுளம் இடைத்தேர்தலில், ரோசம்மா புன்னூசுக்காகப் பண்ணைப்புரத்துப் பாவலர் வரதராசன் தமிழில் பாடித் தோட்டந்தோறும் வாக்குக் கேட்டார். மலையாள வேட்பாளர் தமிழ்ப் பாட்டால் வென்றார். அதே ஆண்டு அக்டோபரில் மூணாற்றுத் தோட்ட வேலைநிறுத்தத்தில் இரு தொழிலாளர் துப்பாக்கிக் குண்டுக்கு இரையாயினர். 2015 செப்டம்பரில் அதே மூணாற்றில் தமிழ்ப் பெண் தொழிலாளர், எந்தச் சங்கத் தலைவரையும் எதிர்பாராமல், தம் கூலிக்கும் போனசுக்கும் வீதியில் அமர்ந்தபோது கேரளம் முழுவதும் திரும்பிப் பார்த்தது. அறுபது ஆண்டுகளுக்கு முன் ‘வந்துபோகும் மக்கள்’ எனப்பட்டவர்களின் வழித்தோன்றல்களே அவர்கள்.

அரிசியும் சாவடியும்

கோடு நிலைபெற்றபின் பழைய கதை புதுச் சரக்கோடு தொடங்கிற்று. 1960களின் நடுவில் மாநிலம் விட்டு மாநிலம் அரிசி செல்லத் தடை இருந்தது. அக்காலத்தை அறிந்த மூதாட்டி ஒருவர் நம் தெருவில் வாழ்ந்தார். பொள்ளாச்சிப் பக்கம் பிறந்து பாலக்காட்டில் வாழ்க்கைப்பட்டவர். அக்காலத்தில் அரிசி கடத்தல் மிகுதியாமே என்று ஒருநாள் அவரிடம் கேட்டோம். “தம்பி, அப்ப அந்தப் பக்கம் படி அரிசிக்கு ஒரு வெல, இந்தப் பக்கம் ஒரு வெல. எங்கம்மா வீட்டுக்குப் போனா, நாலு படி அரிசியை மடியில கட்டிக்கிட்டு ரயிலேறுவேன். போலீசு வந்தா வயித்துப் புள்ளக்காரின்னு விட்ருவான். அம்மா வீட்டு அரிசியைக் கொண்டாரதுக்குப் பேரு கடத்தலா?” என்றார். நம்மிடம் விடை இல்லை.

இதனால் எல்லையில் நடப்பதெல்லாம் ஏழையின் வயிற்றுப்பாடே என்று சொல்லிவிட இயலாது. நியாயவிலைக் கடை அரிசியை மூட்டை மூட்டையாகத் திரட்டி வாளையாறு, கோபாலபுரம், கம்பம்மெட்டு வழியே அனுப்பும் பெருவணிகர் உண்டு. எரிசாராயம் கடத்துவோர் உண்டு. மறையூர்ச் சந்தனத்தை இரவில் வெட்டிச் செல்வோரும் உண்டு. இவர்கள் குற்றவாளிகளே; ஏழைக்குரிய அரிசியை விற்பவனைப் பொதிமாட்டுக்காரனோடு ஒப்பிடுதல் தகாது. ஆயினும் பிடிபடுவோர் யார், தப்புவோர் யார் என்று நோக்கினால், காசிச் செட்டியின் காலம் முற்றும் மாறிவிட்டதெனச் சொல்ல நா எழவில்லை. சுமப்பவனின் பெயர் ஏட்டில் ஏறுகின்றது. அனுப்புபவனின் பெயர் ஏறுவது அரிது.

2017 ஜூலை 1ஆம் நாள் சரக்கு, சேவை வரி நடைமுறைக்கு வந்தபின் வாளையாற்று வணிகவரிச் சாவடி மூடப்பட்டது. நீண்டு நின்ற லாரி வரிசை குறைந்தது. புகையிலைக்கும் ஏலத்திற்கும் நேர்ந்ததே இங்கும் நேர்ந்தது. சாவடி போனதும் சாவடியை ஏமாற்றும் தொழிலும் பெரும்பாலும் போயிற்று.

எனினும் கோடு உறங்குகின்றதேயன்றி அழியவில்லை. 2011 இறுதியில் முல்லைப் பெரியாற்று அணை குறித்த அச்சமும் சினமும் மூண்டபோது, குமுளி வழி அடைபட்டது. ஏலத்தோட்டங்களில் தமிழ்த் தொழிலாளரும், தமிழகத்தில் மலையாளக் கடைக்காரரும் அஞ்சி ஒடுங்கினர். ஒருவரும் மற்றவருக்கு முந்திய நாள்வரை பகைவராக இருந்ததில்லை. 2020 மார்ச்சில் பெருந்தொற்றால் பேருந்துகள் நின்றன. இடுக்கியின் ஏலத்தோட்டத்தில் வேலை செய்த தேனி மாவட்டத்துத் தொழிலாளர் சிலர், முன்னோர் இறங்கிய காட்டுவழியே ஊர் திரும்பினர். இராசிங்காபுரம் மலையில் பற்றிய காட்டுத்தீ அவர்களைச் சூழ்ந்தது. மாண்டவர்களுள் ஒரு குழந்தையும் உண்டு. அவர்கள் புகையிலை சுமக்கவில்லை, ஏலம் சுமக்கவில்லை, அரிசியும் சுமக்கவில்லை. வீட்டுக்குப் போனார்கள்.

இறுதியாக நம் சங்கத்தார்க்கு ஒரு வேண்டுகோள். எல்லையை மாற்றுவது நம் கையில் இல்லை; மாற்றினால் துன்பம் தீரும் என்று சொல்லவும் நமக்குத் துணிவில்லை. எங்கே கோடு போட்டாலும் அதன் இருபுறமும் மக்கள் இருப்பர். ஆனால் அரசாங்க ஏடு எழுதாது விட்டதை எழுதி வைப்பது நம் கையில் உள்ளது. கொழிஞ்சாம்பாறையிலும் மீனாட்சிபுரத்திலும், மூணாற்று லயங்களிலும் வண்டன்மேட்டிலும், முதுவர் குடிகளிலும் இன்னும் முதியோர் இருக்கின்றனர். எந்த வழியில் வந்தோம், என்ன சுமந்தோம், எவரால் பிடிபட்டோம் என்று அவர்கள் சொல்வதை அவர்கள் சொன்னபடியே, தமிழராயினும் மலையாளியராயினும் மலைக்குடியினராயினும், எழுதிக்கொள்வோமாக. ஆண்டுதோறும் வெளிவரும் நம் மலரில் சில பக்கங்களை அதற்கென ஒதுக்குவோமாக. இதுவரை இக்கணக்கை ஒரு கை மட்டுமே எழுதி வந்தது. அதனைச் சரிபார்க்க மற்றொரு கணக்கும் வேண்டும்.